டப்பா பீன்ஸ் வாங்கலாம், ஆனால் கொதிக்கவிடாதீர்கள்

டப்பா பீன்ஸைப் பற்றி நல்லதாக ஒரு வார்த்தை சொன்னவர்களை நான் அதிகம் பார்த்ததில்லை. கொழகொழவென்று இருக்கும், தகர வாடை அடிக்கும், நிறமே செத்துப்போயிருக்கும், இந்த மூன்றில் ஒன்றைத்தான் எல்லாரும் சொல்வார்கள். நானும் பல வருஷம் அதையே சொல்லிக்கொண்டிருந்தவன்தான். இடது மணிக்கட்டு சுளுக்கி ஆறு வாரம் கட்டுப் போட்டிருந்தபோதுதான் அந்த எண்ணம் மாறியது. எங்கள் வீட்டில் காய் நறுக்குவது என் வேலை. பீன்ஸ் நறுக்க இரண்டு கையும் வேண்டும், ஒரு கை பிடித்துக்கொடுத்தால்தான் இன்னொரு கை வெட்டும். வேறு வழியில்லாமல் டப்பாவுக்குப் போனோம். ஒன்று இரண்டல்ல, கணக்குப் பார்த்தால் 20 டப்பாவுக்கு மேல் இருக்கும். நறுக்கியது, மெல்லிசாகக் கீறியது, முழுசு, உப்புப் போட்டது, போடாதது என்று கண்ணில் பட்ட வகை எல்லாம் வாங்கிப் பார்த்துவிட்டோம். கட்டு அவிழ்த்து இரண்டு மாதம் ஆகிறது, இன்னும் வாங்குகிறேன்.

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பொருள் நல்ல பொருள். அதை நாம் அடுப்பில் ஏற்றும் விதத்தில்தான் கோளாறு. டப்பாவைத் திறந்து, உள்ளே இருக்கும் தண்ணீரோடு அப்படியே பாத்திரத்தில் கொட்டி, பத்து நிமிஷம் கொதிக்கவிட்டு, மேலே கொஞ்சம் உப்பும் மிளகும் தூவினால் அது நன்றாக இருக்காது, இருக்கவும் வழியில்லை. ஏனென்றால் அந்தக் காய் ஏற்கெனவே வெந்தது. பாதி வேக்காடு கூட இல்லை, முழுக்க வெந்தது. மறுபடி தண்ணீரில் கொதிக்கவிடுவது வெந்த காயை இன்னொரு தடவை வேகவைப்பதுதான்.

எவ்வளவு வெந்தது என்று தெரிந்துகொண்டால் சமையல் முறையே மாறிவிடும், அதனால் அதைக் கொஞ்சம் சொல்கிறேன். பீன்ஸில் புளிப்பு கிடையாது. தக்காளி மாதிரி அமிலம் உள்ள காயாக இருந்தால் கொதிநீர்ச் சூடே போதும். பீன்ஸுக்கு அது போதாது, காரணம் கிளாஸ்ட்ரிடியம் பாட்டுலினம் என்ற கிருமியின் வித்துகள். அவை சாதாரணமாகத் தண்ணீர் கொதிக்கும் 100 டிகிரியில் சாகாது, காற்றில்லாத, புளிப்பில்லாத இடத்தில் முளைத்து நஞ்சை உண்டாக்கும். அதனால் டப்பாவை மூடி முத்திரையிட்ட பிறகு, அழுத்தத்தில் 120 டிகிரி செல்சியஸை ஒட்டிய சூட்டில் வைக்கிறார்கள். வீட்டில் புட்டியில் அடைத்துப் பத்திரப்படுத்துகிறவர்களே கூட, அதற்கென்று உள்ள அழுத்தப் பாத்திரத்தில் அரை லிட்டர் அளவுப் புட்டியை 20 நிமிஷம் வைக்க வேண்டும் என்பது முறை. பச்சை பீன்ஸை நாம் கொதிக்கும் நீரில் வேகவைப்பது ஐந்து, ஆறு நிமிஷம். அதோடு ஒப்பிட்டுப் பாருங்கள். டப்பாவுக்குள் இருக்கும் பீன்ஸ் மென்மையாக இருப்பது மட்டமான காய் என்பதால் அல்ல, நம் வயிற்றுக்கு ஆபத்து வராமல் இருக்க அது அந்தச் சூட்டைத் தாங்கி வந்திருக்கிறது.

இந்த முறைக்கு வயது 200 வருஷத்துக்கு மேல். பிரான்ஸில் நிக்கோலா அப்பேர் என்ற மிட்டாய்க்காரர், உணவைக் கண்ணாடிப் புட்டியில் அடைத்து, இறுக மூடி, சூடாக்கினால் மாதக்கணக்கில் கெடாது என்று காட்டினார். அதற்காக 1810-ல் அரசு அவருக்கு 12,000 பிராங்க் கொடுத்தது. அதே வருஷம் இங்கிலாந்தில் பீட்டர் டூரண்ட் தகரக்கலத்துக்குக் காப்புரிமை வாங்கினார். ஏன் கெடாமல் இருக்கிறது என்பது அவர்கள் இருவருக்குமே தெரியாது. கிருமிகளைப் பற்றிப் பிரெஞ்சு அறிவியலாளர் பாஸ்டர் விளக்கியது அதற்கு அரை நூற்றாண்டு கழித்து. சூடு மட்டும் வேலை செய்கிறது என்று கண்டுபிடித்தார்கள், அந்தச் சூடுதான் இன்றைக்கும் நம் டப்பாவில் மென்மையாகவும் மங்கிய நிறமாகவும் தெரிகிறது.

நிறத்தைப் பற்றித்தான் எல்லாரும் முகம் சுளிப்பார்கள். பச்சை நிறம் தரும் குளோரோஃபில்லின் நடுவில் ஒரு மெக்னீசியம் அணு உட்கார்ந்திருக்கும். சூடு நீடித்தால், காயிலேயே இருக்கும் கொஞ்சநஞ்ச அமிலமும் சேர்ந்துகொண்டு அந்த மெக்னீசியத்தைத் தள்ளிவிடும். அப்புறம் பளிச்சென்ற பச்சை போய் ஆலிவ் காயின் மங்கல் பச்சை வந்துவிடும். இது கெட்டுப்போன அடையாளம் இல்லை. இன்னும் சொல்லப்போனால் சமைக்கிறவருக்கு இதில் ஒரு வசதி இருக்கிறது, அதை எலுமிச்சை பற்றிப் பேசும்போது சொல்கிறேன்.

இப்போது டப்பாவுக்கு வருவோம். நான் வாங்கியவற்றில் பெரும்பாலானவற்றின் லேபிளில் மூன்றே பொருள்தான், பீன்ஸ், தண்ணீர், உப்பு. அது எனக்குப் பிடித்தது. டப்பாவில் போட்டிருக்கும் எடையைப் பார்த்து ஏமாறக்கூடாது, பாதிக்குப் பாதி தண்ணீர். 400 கிராம் என்று போட்ட ஒன்றை வடிகட்டி எடை போட்டேன், காய் மட்டும் 220 கிராம்தான் வந்தது. சில லேபிள்களிலேயே வடிகட்டிய எடை என்று தனியாகப் போட்டிருக்கிறார்கள், ஒரு டப்பாவையும் இன்னொன்றையும் ஒப்பிடும்போது அந்த எண்ணைத்தான் பார்க்க வேண்டும். இரண்டு பேருக்குத் தொட்டுக்கொள்ள ஒரு டப்பா சரியாக இருக்கும், நாலு பேர் என்றால் இரண்டு வேண்டும்.

உப்பு விஷயத்தில் கொஞ்சம் கவனமாக இருங்கள். உப்புப் போட்ட ஒரு டப்பாவில் அரை கப்புக்கு 380 மில்லிகிராம் சோடியம் என்று இருந்தது. பெரியவர்களுக்கு ஒரு நாளைக்கு 2,000 மில்லிகிராமுக்குக் குறைவாக இருக்க வேண்டும் என்கிறது உலக சுகாதார நிறுவனம். ஒரு சைடு டிஷ்ஷில், அதுவும் நாம் இன்னும் ஒன்றுமே சேர்க்காத நிலையில், அவ்வளவு போவது அதிகம். வடித்து, குழாய்த் தண்ணீரில் அலசினால் ஒரு பங்கு போகும், முழுக்கப் போகாது, உப்பு காய்க்குள்ளேயே இறங்கியிருக்கிறது. அதனால் நான் இப்போது வாங்குவது உப்புச் சேர்க்காதது மட்டும். முதல் வாய்க்குச் சப்பென்று இருக்கும், உண்மைதான், ஆனால் உப்பு நம் கையில் இருக்கிறது. சோயா சாஸோ சீஸோ சேர்க்கப்போகிறோம் என்றால் இதைவிட்டால் வேறு வழியே இல்லை.

மூன்று வகை வெட்டுகளைப் பற்றி. விரல் கணு நீளத்துக்கு நறுக்கியதுதான் எல்லா இடத்திலும் கிடைக்கும், வாணலிக்கு அதுதான் சரி. நீளவாக்கில் மெல்லிசாகக் கீறிய பிரெஞ்ச் கட் என்று ஒன்று உண்டு. பார்க்க அழகாக இருக்கும், ஆனால் உட்பக்கம் திறந்துகிடப்பதால் தண்ணீரை நிறைய இழுத்துவைத்திருக்கும், வாணலியில் போட்டால் பஞ்சுபஞ்சாகப் பிய்ந்துவிடும். அதை க்ரீம், சீஸ், காளான் சாஸ் மாதிரி கெட்டியான ஒன்றோடு சேர்த்து, கேக் சுடும் அவனில் வைப்பதற்கு மட்டும் எடுத்துவைத்துக்கொள்ளுங்கள். முழு பீன்ஸ் பொதுவாக இளசாக, கொஞ்சம் உறுதியாக இருக்கிறது, தட்டில் வரிசையாக அடுக்கலாம். அவனில் வறுக்க எனக்கு இதுதான் முதல் தேர்வு.

ஒரே ஒரு தடவை மோசமான டப்பா கிடைத்தது. பெயர் வேண்டாம். நறுக்கிய வகைதான், ஆனால் காய் முற்றல், விதை தடித்துத் தனியாகக் கழன்று மிதந்தது, கடித்தால் ஓரத்தில் நூல் மாதிரி நார். பீன்ஸில் நார் எடுக்கும் வேலை ஒரு காலத்தில் எல்லாக் காய்க்கும் இருந்தது. அமெரிக்காவில் கால்வின் கீனி என்பவர் 1890-களில் நாரில்லாத ரகத்தை உருவாக்கிய பிறகுதான் அந்த வேலை மெல்லமெல்லக் குறைந்தது. அதனால் இன்றைக்கு டப்பாவில் நார் வருகிறது என்றால் காயை நேரத்தில் பறிக்காமல் விட்டிருக்கலாம் என்பது என் ஊகம். அந்த டப்பாவை ஒன்றும் செய்ய முடியாது. சூப்பில் போட்டு அரைத்துவிட்டேன்.

சரி, சமையல். இதைத்தான் விரிவாகச் சொல்ல ஆசை, ஏனென்றால் முதல் நாலு டப்பாவை நான் வீணடித்திருக்கிறேன்.

முதல் காரியம் தண்ணீரைக் கொட்டுவது. டப்பா வாடை என்று நாம் சொல்வதில் பெரும்பங்கு அந்தத் தண்ணீரில்தான் இருக்கிறது. தகரம்தான் வாடைக்குக் காரணம் என்று நானும் நினைத்தேன், ஆனால் இப்போது வரும் பெரும்பாலான டப்பாக்களின் உட்புறத்தில் மெல்லிய பூச்சு இருக்கிறது, உலோகம் நேராகக் காயைத் தொடுவதில்லை. காயும் தண்ணீரும் மூடிய கலத்தில் அவ்வளவு சூட்டில் ஒன்றாகக் கிடந்த வாடை அது. வடிதட்டில் கொட்டி, குளிர்ந்த தண்ணீரில் அரை நிமிஷம் அலசுங்கள். கையால் கிளறினால் உடையும், தட்டை மட்டும் லேசாக ஆட்டினால் போதும்.

அடுத்ததுதான் முக்கியம், காயவைப்பது. ஒரு சுத்தமான பருத்தித் துணியை விரித்து, அதன்மேல் பீன்ஸை ஒற்றை அடுக்காகப் பரப்புங்கள். மேலே இன்னொரு துணியைப் போட்டு உள்ளங்கையால் ஒற்றியெடுங்கள், அழுத்தித் தேய்க்க வேண்டாம். பத்து நிமிஷம் அப்படியே விட்டுவிட்டு வேறு வேலையைப் பாருங்கள். திரும்பி வந்து பார்த்தால் அடித்துணி நன்றாக நனைந்திருக்கும், காயின் மேல்தோல் பளபளப்பு போய் லேசாகச் சுருங்கி, தொட்டால் விரலில் ஈரம் ஒட்டாது. இந்த நிலை வந்தால்தான் அடுப்புக்குப் போக வேண்டும். நான் அவசரத்தில் இதை விட்ட நாளெல்லாம் வாணலியில் வறுபடாமல் ஆவியில் வெந்து கிடந்தது.

ஏன் இவ்வளவு மெனக்கெட வேண்டும் என்றால், காயின் மேல் ஈரம் இருக்கும் வரை அந்த இடத்தின் சூடு 100 டிகிரியைத் தாண்டாது. எண்ணெய் எவ்வளவு காய்ந்திருந்தாலும், அந்தச் சூடு முழுக்கத் தண்ணீரை ஆவியாக்கவே செலவாகும். பொன்னிறமாகச் சிவந்து, வறுத்த மணம் வருகிறதே, அந்த வினை வேகம் பிடிப்பது ஏறக்குறைய 140 டிகிரியில். 1912-ல் அதை விவரித்த பிரெஞ்சு வேதியியலாளர் மெயிலார்டின் பெயரால் அதை மெயிலார்ட் வினை என்கிறார்கள். டப்பா பீன்ஸில் குறைவது வேக்காடு இல்லை, இந்த மணம்தான். துணியில் காயவைக்கும் பத்து நிமிஷம் அந்த மணத்துக்காக.

கனமான வாணலியை, இரும்பு என்றால் ரொம்ப நல்லது, மிதமான தீயைவிடக் கொஞ்சம் கூட வைத்து மூன்று நிமிஷம் காயவிடுங்கள். ஒரு டப்பா பீன்ஸுக்கு ஒரு மேசைக்கரண்டி எண்ணெய். வெண்ணெயை இப்போது போடாதீர்கள், அதிலுள்ள பால்பகுதி இந்தச் சூட்டில் கருகும். எண்ணெய் நெளிய ஆரம்பித்ததும் பீன்ஸைப் போட்டு ஒரே அடுக்காகப் பரப்பிவிட்டு, கரண்டியைக் கீழே வையுங்கள். கிளறக் கை பரபரக்கும், இரண்டு நிமிஷம் பொறுங்கள். காதைக் கொடுத்துக் கேளுங்கள், முதலில் சடசடவென்று சத்தம் வரும், ஈரம் போகப்போக அது குறைந்து மெல்லிய சீறலாக மாறும். அந்தச் சத்தம் மாறுவதுதான் கணக்கு. அப்போது ஒன்றைப் புரட்டிப் பார்த்தால் அடியில் பழுப்பாக ஒரு கோடு விழுந்திருக்கும், அங்கங்கே தோல் கொப்புளித்திருக்கும். வாணலியைக் குலுக்கி இன்னொரு இரண்டு நிமிஷம் விடுங்கள். ஓரங்கள் லேசாக மொறுமொறுப்பாகி, உள்ளே மென்மையாக இருக்கும். டப்பா பீன்ஸின் அந்த மென்மை இங்கே குறையாகத் தெரியாது, வெளியே வறுபட்டு உள்ளே வெண்ணெய் மாதிரி கரைகிறது.

இரண்டு டப்பாவை ஒரே வாணலியில் கொட்டாதீர்கள். அடுக்கு இரண்டானால் கீழே இருப்பது விடும் ஆவி மேலே இருப்பதை நனைத்துவிடும். இரண்டு தவணையாகச் செய்யுங்கள், இல்லாவிட்டால் அவன் இருக்கிறது.

பீன்ஸ் சிவந்த பிறகு தீயைக் குறைத்து, ஒரு தேக்கரண்டி வெண்ணெயும், மெல்லிசாக நறுக்கிய மூன்று நாலு பல் பூண்டும். பூண்டை முதலில் போட்டு வதக்கிவிட்டு அப்புறம் காய் சேர்ப்பதுதான் கைப்பழக்கம், ஆனால் இங்கே அது ஒத்துவராது. பீன்ஸுக்குத் தேவையான சூட்டில் பூண்டு ஒரு நிமிஷத்துக்குள் கருகிக் கசந்துவிடும். அந்தக் கசப்பு பீன்ஸின் மேல் முழுக்க ஒட்டிக்கொண்டு, அலசினாலும் போகாது. என் இரண்டாவது டப்பா இப்படித்தான் போனது. கடைசியில் போட்டால் முக்கால் நிமிஷத்தில் மணம் எழும்பும், அந்த நேரத்தில் அடுப்பை அணைத்துவிடலாம், வாணலிச் சூட்டிலேயே மீதி வேலை நடக்கும்.

வெங்காயம் சேர்ப்பதாக இருந்தால் தனியாக வதக்கி வைத்துக்கொண்டு கடைசியில் கலக்குங்கள். வெங்காயத்திலும் தண்ணீர் நிறைய, இவ்வளவு பாடுபட்டுக் காயவைத்த பீன்ஸோடு பச்சை வெங்காயத்தைப் போட்டால் மறுபடி ஈரமாகிவிடும். நிதானமாக, 20 நிமிஷமாவது, நல்ல பழுப்பு நிறம் வரும் வரை வதக்கிய வெங்காயத்தின் இனிப்பு இந்தக் காய்க்கு ரொம்பப் பொருந்துகிறது.

அப்புறம் எலுமிச்சை. முன்னே சொன்ன வசதி இதுதான். பச்சை பீன்ஸில் எலுமிச்சை பிழிந்துவைத்தால் கொஞ்ச நேரத்தில் நிறம் மங்கிவிடும், அதனால் பரிமாறும் நொடி வரை காத்திருக்க வேண்டும். டப்பா பீன்ஸுக்கு அந்தக் கவலை இல்லை, போக வேண்டிய நிறம் போய்விட்டது. தாராளமாகப் புளிப்புச் சேர்க்கலாம், முன்கூட்டியே செய்து வைக்கலாம், வினிகரில் ஊறப்போட்டு சாலட் கூடச் செய்யலாம். என்னைக் கேட்டால் இந்த டிஷ்ஷின் பாதி உயிர் அரை மூடி எலுமிச்சையில்தான் இருக்கிறது. டப்பா பீன்ஸில் ஒரு மந்தமான, மண்வாசனை கலந்த சுவை அடியில் நிற்கும், உப்பைக் கூட்டினால் அது போகாது, உப்புத்தான் கரிக்கும். புளிப்பு பட்டதும் அது பின்னால் போய்விடுகிறது. அடுப்பை அணைத்த பிறகு பிழியுங்கள், சூட்டில் எலுமிச்சையின் மணம் பறந்துவிடும். தோலைக் கொஞ்சம் துருவிப் போட்டால் இன்னும் விசேஷம்.

முதல் தடவை இது சரியாக வந்த அன்று என் மகள் தட்டைப் பார்த்துவிட்டு, "அப்பா, இது டப்பாவா? நீங்க கையை வச்சுக்கிட்டு நறுக்கலையே?" என்று கேட்டாள். டப்பாவைத் திறந்துகொடுத்ததே அவள்தான். அவளுக்குப் பிடித்தது அந்தக் கருகல் ஓரம் உள்ள துண்டுகள், அதை மட்டும் பொறுக்கிச் சாப்பிட்டுவிட்டு, "அடுத்த தடவை இன்னும் கொஞ்சம் வறுங்கப்பா" என்றாள். அதற்குப் பிறகு இரண்டு நிமிஷத்தை மூன்றாக்கினேன், அவள் சொன்னது சரிதான்.

இந்த அடிப்படை கைவந்துவிட்டால் மேலே என்ன சேர்ப்பது என்பது உங்கள் விருப்பம். சீவிய பாதாமை வெறும் வாணலியில் பொன்னிறமாக வறுத்துத் தூவினால், மென்மையான காய்க்குப் பக்கத்தில் கடிக்க ஒன்று கிடைக்கிறது. டப்பா பீன்ஸில் இல்லாததே அந்தக் கடிபடும் தன்மை என்பதால் இது வெறும் அலங்காரம் இல்லை, தேவை. வெண்ணெயில் வறுத்த ரொட்டித்தூளும் அதே வேலையைச் செய்யும், செலவு குறைவு. சுவையில் ஆழம் வேண்டும் என்றால் காளான், சோயா சாஸ், நன்கு முதிர்ந்த சீஸ், இந்த மூன்றில் ஏதாவது ஒன்று. இவற்றில் எல்லாம் குளுட்டமேட் என்ற சுவைப்பொருள் இருக்கிறது, 1908-ல் ஜப்பானிய வேதியியலாளர் இகேடா உமாமி என்று பெயர் வைத்தாரே, அந்தச் சுவை. சோயா சாஸ் அரைத் தேக்கரண்டிக்கு மேல் வேண்டாம், அதைப் போட்ட அன்றைக்கு வேறு உப்பே வேண்டாம். மிளகை அப்போதைக்கப்போது பொடித்துப் போடுங்கள். மிளகாய்த் துகள் என்றால் பூண்டோடு சேர்த்து வெண்ணெயில் விழ வேண்டும், மேலே தூவினால் காரம் தனியாக, காய் தனியாக நிற்கும்.

அவனில் செய்கிறவர்கள், முழு பீன்ஸைக் காயவைத்து, எண்ணெய் புரட்டி, தட்டில் இடைவெளி விட்டுப் பரப்பி, 220 டிகிரியில் 20 நிமிஷம், நடுவில் ஒரு தடவை புரட்டல். ஏர் ஃப்ரையர் என்றால் 200 டிகிரியில் பத்து நிமிஷத்திலேயே பார்க்க ஆரம்பியுங்கள். நுனிகள் காய்ந்து சுருண்டு வரும், அதுதான் சுவை.

அவன் டிஷ் என்றதும் காளான் சூப்பும் பொரித்த வெங்காயமும் போட்ட பீன்ஸ் கேசரோல்தான் பலருக்கும் நினைவு வரும். அதை 1955-ல் அமெரிக்காவில் கேம்பெல் சூப் நிறுவனத்தின் சமையலறையில் டார்கஸ் ரெய்லி என்பவர் தன் குழுவோடு உருவாக்கினார். டப்பா சூப், பால், சோயா சாஸ், மிளகு, பீன்ஸ், பொரித்த வெங்காயம், ஆறே பொருள். அந்த ஆறுக்குள் சோயா சாஸ் இருப்பதைக் கவனியுங்கள், டப்பாப் பொருள்களுக்கு எது குறைகிறது என்று அந்த அம்மாவுக்கு நன்றாகத் தெரிந்திருக்கிறது. நான் செய்து பார்த்தேன், நன்றாகவே இருக்கிறது, பிரெஞ்ச் கட்டுக்கு இதைவிட நல்ல கதி கிடையாது. ஆனால் டப்பா சூப்பின் உப்போடு டப்பா பீன்ஸின் உப்பும் சேரும், உப்பில்லாத பீன்ஸ் இல்லாமல் இதைத் தொடாதீர்கள். வெங்காயத்தில் பாதியைக் கடைசி ஐந்து நிமிஷத்தில்தான் மேலே போட வேண்டும், இல்லையென்றால் நமுத்துவிடும்.

நேர்மாறான வழியும் ஒன்று உண்டு, அதையும் சொல்லியாக வேண்டும். வறுக்காமல், மென்மையை அப்படியே ஏற்றுக்கொண்டு, வதக்கிய வெங்காயம், பூண்டு, கொழுப்புள்ள இறைச்சித் துண்டு அல்லது காய்கறி வடிநீர் சேர்த்துச் சின்னத் தீயில் அரை மணி நேரம் விடுவது. அப்படிச் செய்யும்போது காய் சாற்றை உறிஞ்சிக்கொள்ளும். கொதிக்கவிடாதீர்கள் என்று சொன்னேனே, இது அதற்கு எதிரானது மாதிரித் தோன்றும், ஆனால் இங்கே கொதிப்பது டப்பாத் தண்ணீர் இல்லை, சுவையான சாறு, அதுவும் கொதிக்காமல் முத்துமுத்தாகக் குமிழ் விடும் அளவுக்குத்தான். நல்ல சாறு கையில் இருந்தால் செய்யுங்கள், வெறும் தண்ணீரில் வேண்டவே வேண்டாம்.

பச்சை பீன்ஸோடும் உறைந்த பீன்ஸோடும் ஒப்பிட்டால்? கடித்தால் நொறுங்க வேண்டும், கண்ணுக்குப் பச்சையாக இருக்க வேண்டும் என்றால் டப்பா பக்கமே போகாதீர்கள், உறைந்தது வாங்குங்கள். அதைப் பறித்ததும் கொஞ்ச நேரம்தான் கொதிநீர் காட்டி உறையவைக்கிறார்கள், நிறமும் உறுதியும் ஓரளவு நிற்கிறது. சத்தில், வைட்டமின் சி சூட்டிலும் தண்ணீரிலும் போகிற வகை, டப்பாவில் அது குறைந்துபோகும். நார்ச்சத்து போகாது. டப்பாவின் பலம் வேறு இடத்தில் இருக்கிறது, ஃபிரிட்ஜ் வேண்டாம், நறுக்க வேண்டாம், வருஷக்கணக்கில் அலமாரியில் கிடக்கும், கை ஒத்துழைக்காதவர்களுக்கும், வேலை முடிந்து எட்டு மணிக்கு வீடு வருகிறவர்களுக்கும் ஒரு காய் தட்டுக்கு வந்து சேரும். கட்டுப்போட்ட கையோடு ஆறு வாரம் இருந்து பார்த்தவன் என்ற முறையில் இதை நான் சின்ன விஷயமாகச் சொல்ல மாட்டேன். வயதானவர்களுக்குப் பல் பிரச்சினை இருந்தால் அந்த மென்மையே கூட ஒரு நன்மை.

வாங்கும்போது டப்பாவைக் கையில் எடுத்துச் சுற்றிப் பாருங்கள். உப்பியிருந்தாலோ, கசிந்திருந்தாலோ, விளிம்பிலும் தையல் ஓடும் இடத்திலும் ஆழமாக நசுங்கியிருந்தாலோ அப்படியே வைத்துவிடுங்கள். வீட்டுக்கு வந்த பிறகு திறக்கும்போது பீய்ச்சியடித்தால் ருசி பார்க்கக்கூட வேண்டாம், தூக்கிப் போடுங்கள். பாட்டுலினம் நஞ்சுக்கு வாசனையோ நிறமோ இருந்தே ஆக வேண்டும் என்பதில்லை. மீந்ததை டப்பாவிலேயே வைக்காமல் கண்ணாடிப் பாத்திரத்துக்கு மாற்றி ஃபிரிட்ஜில் வைத்தால் மூன்று நாலு நாள் தாங்கும். வறுத்த பீன்ஸைச் சூடாக்க மைக்ரோவேவ் வேண்டாம், வாணலியில் ஒரு நிமிஷம் போதும், மறுபடி ஓரம் மொறுமொறுப்பாகிவிடும்.

மதிப்பெண் போடச் சொன்னால், உப்பில்லாத முழு பீன்ஸுக்கு ஐந்துக்கு நாலு, உப்பில்லாத நறுக்கியதற்கு நாலு, உப்புப் போட்ட எதற்கும் மூன்று, பிரெஞ்ச் கட்டுக்கு அவன் இருக்கிறவர்கள் மூன்றரை, இல்லாதவர்கள் இரண்டு. எங்கள் அலமாரியில் இப்போது நறுக்கியது மூன்றும் முழுசு இரண்டும் இருக்கின்றன. இன்று ராத்திரிக்கு ஒன்றைத் திறந்து துணியில் பரப்பிவிட்டுத்தான் இதை எழுத உட்கார்ந்தேன். பத்து நிமிஷத்துக்கு மேலேயே ஆகிவிட்டது, தோல் நன்றாகச் சுருங்கியிருக்கும். வாணலியைக் காயவைக்கப் போகிறேன்.